தம்பி என்று அழைத்தவனின் கணக்கு

சிங்கப்பூரில் சிறு தொழில் நடத்தும் நம் தமிழ் முதலாளிமார்களுக்கு,

வணக்கம். உங்களில் சிலருக்கு என்னைத் தெரியும். இருபத்திரண்டு ஆண்டுகளாகச் சின்ன நிறுவனங்களுக்குச் சம்பளக் கணக்கு எழுதி வருகிறேன். திங்கள், செவ்வாய் ஒரு பெயிண்ட் குத்தகைக்காரரிடம். புதன்கிழமை தேக்கா பக்கம் ஒரு மளிகைக் கடையில். மாதக் கடைசியில் ஒரு துப்புரவு நிறுவனத்தில். காக்கி புக்கிட், ஊபி, சுங்கை காடுட் என்று தொழிற்பேட்டைக் கட்டடங்களின் சரக்கு லிஃப்டில் ஏறி இறங்கியே என் வயது போயிருக்கிறது. உங்கள் வரவு செலவு எனக்குத் தெரியும். எந்த மாதம் வெளிநாட்டு ஆட்களுக்கான லெவி கட்ட வீட்டு நகை அடகுக்குப் போனது என்பதுகூடத் தெரியும். முதலாளி என்றாலே கொழுத்தவர் என்று நினைப்பவள் அல்ல நான்.

சம்பளத் தகராறு வந்தால் பேசித் தீர்த்துக்கொள்வதைப் பற்றித்தான் இந்த மடல். பேசித் தீர்ப்பதே நல்லது என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் நம்மில் பலர் அந்தப் பெயரில் செய்வது பேரம். தேக்கா மீன் கடையில் பன்னிரண்டு வெள்ளி சொன்னால் எட்டுக்குக் கேட்பதைப்போல, உழைத்து முடித்த கூலியைப் பாதிக்குக் கேட்கிறோம். சமரசத்துக்கும் பேரத்துக்கும் உள்ள வித்தியாசத்தை நான் தெரிந்துகொண்ட விதம் சொல்லக் கூசுவது. அதையே முதலில் சொல்லிவிடுகிறேன்.

2015-ஆம் ஆண்டு. நான் கணக்கு எழுதிய ஒரு சிறு கட்டுமானக் குத்தகை நிறுவனம். பட்டுக்கோட்டைப் பக்கத்துப் பையன் ஒருவன், இருபத்தாறு வயது இருக்கும். அடிப்படைச் சம்பளம் மாதம் 800 வெள்ளி. ஓவர்டைம் மணிக்கு மூன்று வெள்ளி என்று முதலாளி வைத்திருந்தார். எல்லாருக்கும் அதே மூன்று வெள்ளிதான், யாரும் கேட்டதில்லை. இவன் கேட்டான். பக்கத்துப் படுக்கைக்காரன் வேறு கம்பெனி. அவனுடைய சம்பளச் சீட்டில் இருந்த தொகையைப் பார்த்துவிட்டு வந்து கேட்டான்.

முதலாளி என்னைக் கூப்பிட்டு, “ஏம்மா, இவன் சொல்றது எவ்வளவு வரும்னு பாரு” என்றார். பார்த்தேன். மாதச் சம்பளத்தைப் பன்னிரண்டால் பெருக்கி, வருடத்தின் 52 வாரத்தையும் வாரத்துக்கு 44 மணி நேரத்தையும் பெருக்கிய தொகையால் வகுத்தால் ஒரு மணி நேரக் கூலி. அதாவது 9,600-ஐ 2,288-ஆல் வகுக்க வேண்டும். 4 வெள்ளி 20 காசுக்கு ஒரு மயிரிழை குறைவு. ஓவர்டைமுக்கு அதில் ஒன்றரை மடங்கு: 6 வெள்ளி 29 காசு. மூன்று வெள்ளி கொடுத்திருக்கிறோம். மணிக்கு 3 வெள்ளி 29 காசு பாக்கி. டைம் கார்டில் பதினொரு மாதத்துக்கு 682 மணி நேரம் இருந்தது. ஆக 2,243 வெள்ளி 78 காசு. அந்தக் காசு வரைக்கும் எனக்கு இன்னும் நினைவிருக்கிறது.

அவனும் ஒரு கணக்கு வைத்திருந்தான். 555 என்று அட்டையில் போட்ட அந்தச் சின்ன நோட்டுப் புத்தகம் உங்கள் எல்லாருக்கும் தெரியும். தினமும் லாரியில் திரும்பும்போது எழுதியிருக்கிறான், சில பக்கங்களில் பேனா லாரியோடு சேர்ந்து குலுங்கியிருக்கிறது. அவன் கணக்கில் 679 மணி நேரம். நம்மிடம் இருந்ததைவிட மூன்று மணி நேரம் குறைவாகத்தான் எழுதியிருந்தான்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் அலுவலகத்துக்கு வரச் சொன்னார் முதலாளி. “அமைச்சு, கோர்ட்டுன்னு போனா உனக்கும் அலைச்சல், எனக்கும் அலைச்சல். நமக்குள்ள பேசி முடிச்சுக்கலாம் தம்பி. நீ என் கூடப் பொறந்தவன் மாதிரி” என்றார். எண்ணூறில் ஆரம்பித்தார். பையனின் ஒர்க் பெர்மிட் முடிய இரண்டு மாதம் இருந்தது. புதுப்பிப்பது முதலாளி கையில். அதை அவர் மிரட்டலாகச் சொல்லவில்லை, சொல்லத் தேவையும் இல்லை. பையன் தொள்ளாயிரத்துக்குச் சம்மதித்தான். நான் அடித்துவைத்திருந்த ஆங்கிலத் தாளில், பாக்கி அனைத்தையும் முழுமையாகப் பெற்றுக்கொண்டேன் என்று இருந்தது. கையெழுத்துப் போடும் முன் அவன் முதலாளியைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்தான். “அக்கா, கணக்கு சரியா இருக்குல்ல?”

“சரிதான் தம்பி” என்றேன்.

என் பைக்குள் 2,243 வெள்ளி 78 காசு என்று எழுதிய தாள் இருந்தது.

இதற்குப் பிறகுதான் பேசித் தீர்ப்பது என்றால் என்ன என்று யோசிக்கத் தொடங்கினேன். அன்று அந்த அறையில் சண்டை இல்லை, சத்தம் இல்லை, இரண்டு பக்கமும் கையெழுத்துப் போட்டார்கள், கோப்பி வந்தது. பார்த்தவர்கள் சுமுகமாக முடிந்தது என்றுதான் சொல்வார்கள். மூன்று பேரில் இரண்டு பேருக்கு உண்மைத் தொகை தெரியும். தெரிய வேண்டியவனுக்குத் தெரியாது. அதைச் சமரசம் என்று என்னால் இன்றுவரை சொல்ல முடியவில்லை.

நம்மிடம் ஒரு பழக்கம் இருக்கிறது. வேலைக்கு வந்தவனைத் தம்பி என்போம், தீபாவளிக்கு வேட்டி எடுத்துக் கொடுப்போம், அவன் தங்கை கல்யாணத்துக்குக் கைமாற்று தருவோம். இதெல்லாம் நல்ல குணம், பிற இனத்து முதலாளிகள் பலரிடம் இல்லாத குணம் என்றுகூடச் சொல்வேன். ஆனால் அந்தத் தம்பி என்ற சொல்லே அவன் வாயைக் கட்டிவிடுகிறது. அண்ணனிடம் போய்க் கணக்குக் கேட்பதா என்று அவனுக்குக் கூச்சம். கேட்டுவிட்டால் ‘சோறு போட்ட வீட்டுக்கே’ என்று நமக்குக் கோபம். உறவு சொல்லி அழைத்தவனிடம் கணக்கு இன்னும் துல்லியமாக அல்லவா இருக்க வேண்டும்? ஊரில் அண்ணன் தம்பிக்குள் பாகம் பிரிக்கும்போது வரப்பை ஒரு சாண் தள்ளிப் போட்டால் தலைமுறைக்கும் பேச மாட்டோம்.

இப்போது அந்தப் பழைய காலம் இல்லை என்பதையும் சொல்ல வேண்டும். 2016 ஏப்ரல் முதல் தேதியிலிருந்து விவரமான சம்பளச் சீட்டும் வேலை நிபந்தனைகளை எழுத்தில் தருவதும் கட்டாயம். ஓவர்டைம் மணி நேரம் எத்தனை, தொகை எவ்வளவு என்று தனியாகக் காட்ட வேண்டும். 2020 ஜூலையிலிருந்து டார்மிட்டரி என்ற தொழிலாளர் விடுதியில் தங்கும் ஒர்க் பெர்மிட்காரர்களுக்குச் சம்பளம் வங்கிக் கணக்குக்குத்தான் போக வேண்டும். கவரில் போட்டுக் கொடுத்துக் கையெழுத்து வாங்கிய காலம் முடிந்தது. சம்பளக் காலம் முடிந்து ஏழு நாளுக்குள் சம்பளம், பதினான்கு நாளுக்குள் ஓவர்டைம். தராவிட்டால் அது வெறும் கடன் பாக்கி அல்ல, குற்றம்: முதல் முறையே 3,000 முதல் 15,000 வெள்ளி வரை அபராதம், ஆறு மாதம் வரை சிறை, அல்லது இரண்டும்.

2017 ஏப்ரலில் மனிதவள அமைச்சு, தொழிற்சங்கங்களின் என்டியுசி, முதலாளிகளின் சம்மேளனம் மூன்றும் சேர்ந்து, தகராறுகளைப் பேசித் தீர்க்க டிஏடிஎம் என்ற முத்தரப்பு அமைப்பைத் தொடங்கின. அதே மாதம் வேலை தொடர்பான கோரிக்கைகளுக்கென்றே அரசு நீதிமன்றங்களில் ஒரு நடுவர் மன்றமும் வந்தது. மன்றத்துக்குப் போகும் முன் டிஏடிஎம்மில் சமரசப் பேச்சுக்குப் போயே ஆக வேண்டும். தொடங்கியபோது கோரிக்கையின் உச்சவரம்பு 20,000 வெள்ளி, தொழிற்சங்கத்தின் துணையோடு வந்தால் 30,000. இருபக்கமும் மன்றத்தில் வழக்கறிஞர் கிடையாது. உங்களைப்போன்ற சின்ன முதலாளிக்கும் இது நல்லது என்பதை நான் நேரில் பார்த்திருக்கிறேன். வழக்கறிஞருக்குக் கொடுக்கும் பணத்தில் பாதியில் தகராறே தீர்ந்துவிடும். சொல்லாமல் கொள்ளாமல் வேலையை விட்டுப் போனவரிடம் நோட்டீஸ் காலத்துச் சம்பளத்தை நீங்கள் கேட்கவும் அதே கதவுதான்.

ஆனால் அங்கே வரும் நம் ஆட்களில் பலர், இரண்டு பக்கமும்தான், அந்தச் சமரசப் பேச்சை ஊர்ப் பஞ்சாயத்து என்று நினைத்துக்கொண்டு வருகிறார்கள். நடுவில் இருப்பவர் நாட்டாமை, அவர் சொல்வது தீர்ப்பு என்று தொழிலாளி நினைக்கிறார். எதிர்த்தரப்பு ஆயிரம் வெள்ளி தருவதாகச் சொல்கிறது என்று மத்தியஸ்தர் எடுத்துச் சொன்னால், ஆயிரம்தான் என்று அரசாங்கமே முடிவு செய்துவிட்டது போல அவர் காதில் விழுகிறது. முதலாளியோ நாட்டாமையை வளைத்துவிடலாம் என்று நினைத்து, தான் எத்தனை பேருக்கு வாழ்வு கொடுத்தவர் என்று பேசத் தொடங்குகிறார். மத்தியஸ்தர் யாருக்கும் தீர்ப்புச் சொல்வதில்லை. ஒத்துக்கொள்ளவும் மறுக்கவும் இருவருக்கும் உரிமை உண்டு. ஒத்துக்கொண்டால் எழுத்தில் போட்டுக் கையெழுத்து. அந்த உடன்படிக்கையை நாலு வாரத்துக்குள் மாவட்ட நீதிமன்றத்தில் பதிவு செய்துவிட்டால் நீதிமன்ற உத்தரவுக்கு உள்ள பலம் அதற்கும் உண்டு. ஒத்துவராவிட்டால் ஒரு சான்றிதழ் தருவார்கள், அதை வைத்து நாலு வாரத்துக்குள் மன்றத்துக்குப் போகலாம். அவ்வளவுதான் வழி. இதை உங்கள் ஆளுக்கு நீங்களே தமிழில் சொன்னால் என்ன குறைந்துவிடும்? ‘நீ வேண்டாம்னு சொல்லலாம், அதுக்கு மேல இந்த இடம் இருக்கு’ என்று தெரிந்த பிறகு அவன் போடும் கையெழுத்துத்தான் உங்களுக்கும் பாதுகாப்பு. தெரியாமல் போட்ட கையெழுத்து அவன் டார்மிட்டரிக்குத் திரும்பி நாலு பேரிடம் பேசும்வரைதான் நிற்கும்.

‘பணமே இல்லை, மேல் குத்தகைக்காரன் இன்னும் தரவில்லை, நான் எங்கிருந்து தருவது’ என்று நீங்கள் கேட்பது காதில் விழுகிறது. பொய்யில்லை; உங்கள் வங்கிக் கணக்கைப் பார்ப்பவள் நான். ஆனால் ஒன்றை நினைத்துப் பாருங்கள். கட்டுமானத் துறையில் சின்னக் குத்தகைக்காரர்களுக்குப் பணம் வராமல் இழுபடுவதைத் தடுக்க 2004-இல் இங்கே ஒரு சட்டமே கொண்டுவந்தார்கள். ‘எனக்கு மேலே இருந்து வந்தால்தான் உனக்குத் தருவேன்’ என்று ஒப்பந்தத்தில் எழுதியிருந்தாலும் அது செல்லாது என்று அந்தச் சட்டம் சொல்கிறது. அதை வைத்து நீங்கள் பணம் வாங்கியிருக்கிறீர்கள். உங்களில் இரண்டு பேருக்கு அந்தக் கோரிக்கைத் தாள்களை அடுக்கிக் கொடுத்தவளே நான்தான். ‘வேலை முடிஞ்சுது, அவனுக்கு வருதோ வரலையோ எனக்கென்ன, என் காசைக் கொடு’ என்று அன்று சொன்ன அதே வாயால், மறு வாரம் லாரிக்குப் பின்னால் நிற்பவனிடம் ‘மேலே இருந்து வரட்டும்’ என்று சொல்ல எப்படி மனம் வருகிறது?

கையில் காசில்லை என்றால் அதற்குத்தான் பேச்சுவார்த்தை. எதை விட்டுக்கொடுக்கலாம், எதை விட்டுக்கொடுக்கச் சொல்லக்கூடாது என்பது தெரிந்தால் பாதி வேலை முடிந்தது. எத்தனை தவணை, எந்தெந்தத் தேதி, இது பேசலாம். டைம் கார்டு இல்லாத நாட்களில் அவன் எட்டு மணி நேரம் என்கிறான், நீங்கள் ஐந்து என்கிறீர்கள், இது பேசலாம். நடுவில் எங்கோ ஒரு இடத்தில் இருவரும் நிற்கலாம். நோட்டீஸ் காலத்தைக் குறைத்துக்கொள்வது, மிச்ச விடுப்புக்குப் பணமா நாளா, வேறு முதலாளியிடம் மாறிப் போக ஒத்துழைப்பது, ஊருக்குப் போகிற தேதி, எல்லாம் பேசலாம். ஆனால் அடிப்படைச் சம்பளமும், உங்கள் கார்டிலேயே பதிவான ஓவர்டைமும் பேசுவதற்குரியவை அல்ல. அவை அவனுடைய பணம். உங்கள் பெட்டியில் இருக்கிறது, அவ்வளவே. அவன் பணத்தில் ஒரு பகுதியைத் தருகிறேன், மீதியை விட்டுவிடு என்று கேட்பதைச் சமரசம் என்று சொல்லாதீர்கள். வேலைச் சட்டமும் 1968-இலிருந்து இதைத்தான் சொல்கிறது: சட்டம் தந்ததைவிடக் குறைவான நிபந்தனையை ஒப்பந்தத்தில் எழுதினால் அது செல்லாது.

பணத்தைவிட வேறொன்று பெரிதாக இருக்கும் தகராறும் உண்டு. அப்படி ஒன்றைச் சொல்கிறேன். அடையாளம் தெரியாதபடி சிலவற்றை மாற்றியிருக்கிறேன்.

நான் கணக்குப் பார்த்த ஒரு கடையில் ஜொகூரிலிருந்து வந்துபோகும் தமிழ்ப் பெண் ஒருவர் கல்லாவில் இருந்தார். விடியற்காலை நாலரைக்கு வீட்டை விட்டுக் கிளம்பி, பாலத்து நெரிசலில் நின்று, எட்டு மணிக்குக் கடை திறப்பவர். ஒரு வாரம் கல்லாவில் பணம் குறைந்தது. முதலாளி விசாரிக்கவில்லை, இரவு போனில் நாளை முதல் வரவேண்டாம் என்று சொல்லிவிட்டார். திருடி என்ற சொல்லைச் சொன்னாரா இல்லையா என்பதில் இருவருக்கும் இரண்டு நினைவு. நியாயமற்ற பணிநீக்கம் என்று அந்தப் பெண் கோரிக்கை கொடுத்தார். வேலையை விட்ட ஒரு மாதத்துக்குள் கொடுக்க வேண்டும் என்பதால் ஓடி ஓடிச் செய்திருக்கிறார். 2019 ஏப்ரலிலிருந்து அந்த வகைப் புகாரும் இதே வழியில்தான் வருகிறது, சம்பளம் எவ்வளவு என்ற வரம்பு இல்லை, மேலாளரும் கொடுக்கலாம்.

முதலாளி கொதித்துப்போயிருந்தார். மன்றம் வரைக்கும் போவேன் என்றார். பேச்சுக்கு முந்தின இரவு நான் அந்த வாரத்து ரசீதுகளை மறுபடி எடுத்துப் பார்த்தேன். வெங்காய மூட்டைக்காரருக்குக் கல்லாவிலிருந்தே பணம் கொடுத்திருந்தது. கொடுத்தது முதலாளியின் சொந்தக்காரப் பையன், வவுச்சர் எழுதவில்லை. மூட்டைக்காரரின் ரசீதில் தேதியும் தொகையும் இருந்தன. காலையில் முதலாளியிடம் காட்டினேன். நெடுநேரம் அந்தத் தாளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

அறைக்குள் பேசியதை வெளியே சொல்லக்கூடாது என்பது விதி, சொல்லவில்லை. வெளியே நடந்ததைச் சொல்லலாம். முதலாளி பேர் போட்ட தாளில் நான் ஒரு கடிதம் அடித்தேன். நாலு ஆண்டு வேலை பார்த்தார், பணப் பொறுப்பை நேர்மையாகக் கவனித்தார், பணிநீக்கம் தவறான தகவலால் நேர்ந்தது என்று மூன்று வரி. கையெழுத்துப் போட்டு அவரே கொண்டுபோய்க் கொடுத்தார். லிஃப்ட் பக்கத்தில் நின்று, “தப்பு என் பேர்லதான்மா” என்றார். அந்த அம்மா ஒன்றும் பதில் சொல்லவில்லை. கடிதத்தை இரண்டு முறை படித்து, மடிக்காமல் பிளாஸ்டிக் உறையில் வைத்துக்கொண்டு போய்விட்டார்.

எந்தத் தீர்ப்பும் அந்தக் கடிதத்தைக் கொடுத்திருக்காது. மன்றம் பணம் கொடுக்கச் சொல்லும். ‘தப்பு என் பேரில்’ என்று ஒரு மனிதர் வாயால் சொல்ல வைக்க எந்த நீதிபதியாலும் முடியாது. பேசித் தீர்ப்பதை நான் ஏன் இவ்வளவு நம்புகிறேன் என்றால் இதனால்தான். ஆனால் அது வேலை செய்தது, முந்தின இரவு யாரோ ஒருவர் ரசீதுகளைப் புரட்டியதால். கணக்கைப் பார்க்காமல் மானத்தை மட்டும் எடுத்துக்கொண்டு போயிருந்தால் அவர் தோற்றிருப்பார், அந்தப் பெண்ணும் ஒரு விதத்தில் தோற்றிருப்பார்.

இங்கே என் அப்பாவைப் பற்றி ஒரு சொல். செம்பவாங் கடற்படைத் தளத்தில் கூலியாக இருந்தவர், சங்கத்தில் சந்தா கட்டியவர். ஹாக் லீ பஸ் கலவரம் நடந்த 1955-ஐயும், வேலைநிறுத்தம் என்றால் போலீஸ் லாரி வரும் என்றிருந்த அந்த ஆண்டுகளையும் கண்ணால் பார்த்தவர். 1960-இல் தொழில் உறவுச் சட்டமும் தொழில் நடுவர் மன்றமும் வந்தபோது, மேசையைப் போட்டு உட்கார்ந்து பேச ஓர் இடம் கிடைத்ததே என்று சந்தோஷப்பட்டதாகச் சொல்வார். அவர் எங்களுக்குச் சொல்லித் தந்த ஒரே சட்டம், கையெழுத்துப் போடுவதற்கு முன் ஒரு ராத்திரி தூங்கு என்பது. அந்த ஒரு ராத்திரியை உங்கள் ஆளுக்குக் கொடுங்கள் என்றுதான் உங்களிடம் கேட்கிறேன்.

தகராறு வந்த அன்றே, அமைச்சின் கடிதம் வருவதற்குக் காத்திராமல், டைம் கார்டுகளை எடுங்கள். அவனுடைய நோட்டுப் புத்தகத்தையும் கொண்டுவரச் சொல்லுங்கள். இருவரும் தனித்தனியாகக் கணக்குப் போட்டு, பிறகு ஒரே மேசையில் வைத்துப் பாருங்கள். ஒத்துப்போகும் மணி நேரத்தை முதலில் எழுதி, அந்தப் பணத்தைப் பேச்சுக்கு முன்பே கொடுத்துவிடுங்கள். ஒத்துப்போகாததைப் பற்றி மட்டும் பேசுங்கள். நான் பார்த்தவரையில் அந்த மிச்சம் எப்போதும் சின்னதாகத்தான் இருக்கும், ஏனென்றால் கொடுக்க வேண்டியதைக் கொடுத்த கணமே அவன் கோபத்தில் பெரும்பகுதி இறங்கிவிடுகிறது. தொகையைத் தமிழில், எந்த மாதத்துக்கு எவ்வளவு என்று ஒரு தாளில் எழுதி அவன் கையில் கொடுத்து அனுப்புங்கள். ரேஸ் கோர்ஸ் ரோட்டுத் திண்ணையிலோ டார்மிட்டரி படுக்கையிலோ உட்கார்ந்து அவன் நாலு பேரிடம் காட்டட்டும். வெளிநாட்டு ஊழியர் நிலையத்தில் கேட்கட்டும், தொண்டு அமைப்பில் கேட்கட்டும். ஊரில் அப்பாவிடம் போனில் கேட்கட்டும். கேட்டுவிட்டு வந்து சரி என்றால் அது சரி.

அவனுக்காக நீங்களே மொழிபெயர்த்துப் பேசாதீர்கள், இதையும் சொல்லிவிடுகிறேன். ‘அவனுக்கு இங்கிலீஷ் வராது, நான் சொல்றேன்’ என்று நம் முதலாளிகள் உதவி செய்வதாகவே நினைத்து முன்னால் போகிறார்கள். எதிர்த்தரப்பின் வாயும் நீங்களே ஆனால் பேச்சு எங்கே நடக்கிறது?

ஒத்துக்கொண்ட தேதியில் பணத்தைப் போடுங்கள். முதல் தவணை சரியாகப் போய், இரண்டாவது பத்து நாள் தள்ளி, மூன்றாவது போகாமலே நின்ற சம்பவங்கள் என் கோப்புகளிலேயே இருக்கின்றன. அந்த ஆள் அதற்குள் ஊருக்குப் போயிருப்பான்; அங்கிருந்து என்ன செய்துவிடப்போகிறான் என்ற தைரியம். மூன்று தவணையில் முடியாது என்று தெரிந்தால் ஐந்து கேளுங்கள், ஏழு கேளுங்கள். முடிகிறதை மட்டும் எழுதுங்கள்.

2025 ஜனவரியில் வேலையிட நியாயச் சட்டம் நாடாளுமன்றத்தில் நிறைவேறியது. வயது, இனம், மொழி, சமயம், கர்ப்பம் போன்றவற்றைக் காட்டி ஒருவரை நடத்தும் விதத்தைப் பற்றிய புகாரும் இனிமேல் முதலில் சமரசப் பேச்சுக்குத்தான் வரப்போகிறது. 25 பேருக்குக் குறைவான நிறுவனங்களுக்குத் தொடக்கத்தில் விலக்கு உண்டு என்பதால் உங்களில் பெரும்பாலோர் கவலைப்படாமல் இருக்கிறீர்கள். அதற்குள் இந்தப் பழக்கத்தைக் கற்றுக்கொள்ளுங்கள் என்றுதான் நான் சொல்வேன்.

கணக்குப் போட ஆள் இல்லை என்றால் என்னைக் கூப்பிடுங்கள். சனிக்கிழமை பிற்பகலில் வந்து உட்கார்ந்து போட்டுத் தருகிறேன், காசு வேண்டாம். ஒரே நிபந்தனை, நான் போடும் தாளின் ஒரு நகல் உங்களுக்கு, ஒரு நகல் அவருக்கு.

கடைசியாக, உங்களில் ஒருவருக்கு மட்டும். 2015-இல் என் கையால் அந்தத் தாளை அடிக்கச் சொன்னவர் நீங்கள். இப்போது நன்றாக இருக்கிறீர்கள், லாரி ஏழாகிவிட்டது, அதில் எனக்கு வருத்தம் இல்லை. அந்தப் பையன் ஊரில் ஒரு சின்ன வெல்டிங் பட்டறை வைத்திருக்கிறான். ஒவ்வொரு பொங்கலுக்கும் எனக்கு வாட்ஸ்அப்பில் வாழ்த்து அனுப்புகிறான். போன பொங்கலுக்கு அன்று நடந்ததையெல்லாம் அவனிடம் சொல்லிவிட்டேன். என் பணத்திலிருந்து அனுப்புகிறேன் என்றும் சொன்னேன். ரொம்ப நேரம் பதில் வரவில்லை. பிறகு, “நீங்க எதுக்குக்கா குடுக்கணும், குடுக்க வேண்டியவர் குடுத்தா வாங்கிக்கிறேன்” என்று அனுப்பினான்.

பாக்கி 1,343 வெள்ளி 78 காசு. அவன் வங்கிக் கணக்கு எண் என்னிடம் இருக்கிறது.

இப்படிக்கு,
உங்கள் சம்பளக் கணக்கு எழுதும் ஒரு பெண்